சகலைக்கு வந்த போன்

சமையலறைச் சுவரில் மாட்டியிருந்த போன் அடித்தபோது மணி பன்னிரண்டு இருபது. மைக்ரோவேவில் முந்தின நாள் மீன் ஆணம், அதாவது குழம்பு, சூடாகிக்கொண்டிருந்தது. கடிகாரத்தைப் பார்த்துவிட்டுத்தான் போனை எடுத்தேன். வேலை இல்லாமல் வீட்டில் இருக்கும் ஆண்பிள்ளை ஒரு நாளைக்கு நூறு தடவை கடிகாரம் பார்ப்பான்.

சான் ஹோசேயில் எங்கள் அபார்ட்மெண்ட். அக்டோபர் மாதம். வருஷம் ரெண்டாயிரத்து நாலா, ஐந்தா என்று என் மனைவி ஜெரினா சரியாகச் சொல்வாள். ஆனால் இந்த விஷயத்தில் அவளிடம் எதையும் கேட்க எனக்கு இன்றும் தயக்கம்.

"இத்ரீஸ் இருக்கானா?" என்றது ஓர் அவசரக் குரல்.

இத்ரீஸ் என் சகலை. ஜெரினாவின் தங்கை ஷமீமாவின் கணவன். அமெரிக்கன் ஃபுட்பால் ஆடுவதே அவன் தொழில். பேசியவர் அவனுடைய ஏஜென்ட்.

விஷயம் இதுதான். டெக்சாஸில் ஒரு டீமில், இத்ரீஸ் ஆடும் அதே இடத்தில் ஆடுபவனுக்கு ஞாயிற்றுக்கிழமை கை உடைந்துவிட்டது. நாளைக் காலை ஏழு மணிக்கு இத்ரீஸை மைதானத்தில் ஓடவிட்டுப் பார்க்கப்போகிறார்கள். பிடித்திருந்தால் அங்கேயே கையெழுத்து. இன்று நாலு மணி ஐந்து நிமிஷ விமானத்தில் டிக்கெட் போட்டாகிவிட்டது.

எல்லாவற்றையும் ஒரு கவரின் பின்பக்கம் எழுதிக்கொண்டேன். "உடனே சொல்லிடறேன்" என்றேன்.

இத்ரீஸின் செல்போன் போன வாரம் கால்சட்டையோடு வாஷிங் மெஷினுக்குள் போய்விட்டது. அதனால்தான் எங்கள் வீட்டு நம்பரைக் கொடுத்து வைத்திருந்தான். காலையில் கிளம்பும்போதுகூட, "போன் வந்தா நான் ஸ்கூல் கிரவுண்ட்லதான் இருப்பேன், மச்சான்" என்று சொல்லிவிட்டுத்தான் போனான். ஷமீமா என்னை மச்சான் என்று கூப்பிடுவாள். அதைக் கேட்டு அவனும் அப்படியே பழகிவிட்டான். அந்த ஒரு சொல்லைத் தவிர அவன் பேசியதெல்லாம் ஆங்கிலம். நான் என் தமிழில் எழுதுகிறேன்.

பள்ளிக்கூட மைதானம் எங்கள் தெருமுனையில் இருந்தது. நடந்தால் ஐந்து நிமிஷம்.

நான் கவரை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, மீன் ஆணத்தைச் சோற்றில் ஊற்றிச் சாப்பிட உட்கார்ந்தேன்.

மூத்த மாப்பிள்ளை

இத்தனை வாரமாக இந்தத் தொடரில் என்னை ஒரு சாதுவாகவே காட்டி வந்திருக்கிறேன். "உங்களுக்குக் கோபமே வராதா?" என்று ஒரு வாசகி கேட்டு எழுதியிருந்தார். கோபம் குறைவுதான் அம்மா. எனக்கு வரும் வியாதி வேறு.

என் மாமனாருக்கு இரண்டு பெண்கள். ஆண் பிள்ளை இல்லை. கீழக்கரைக்காரர். நியூஜெர்சியில் பிஸ்கட்டவேயில் வீடு, ஒரு மருந்துக் கம்பெனியில் கெமிஸ்ட் வேலை. மூத்தவளுக்கு ஊரிலிருந்து மாப்பிள்ளை எடுக்க வேண்டும் என்று பிடிவாதமாக இருந்து, இன்ஜினியரிங் முடித்திருந்த என்னைத் தேர்ந்தெடுத்தார்.

வெள்ளிக்கிழமை பள்ளிவாசலில் தெரிந்தவர், தெரியாதவர் எல்லோரிடமும் என்னை நிறுத்தி, "நம்ம மூத்த மாப்ளே. சிலிக்கான் வேலியில இருக்காரு" என்பார். என் தோளில் கை போட்டுக்கொண்டுதான் சொல்வார். அந்தக் கையின் கனம் எனக்குப் பிடிக்கும். எனக்கு விவரம் தெரிவதற்கு முன்பே என் வாப்பா மவுத்தாகிவிட்டார் என்பதை முன்பே எழுதியிருக்கிறேன்.

ரெண்டாயிரத்து ஒன்றின் கடைசியில் என் வேலை போனது. மாமா தினமும் போன் செய்வார். "கவலைப்படாதீங்க மாப்ளே, அப்ளை பண்ணிட்டே இருங்க." எட்டு மாதம் கழித்துக் கிடைத்தது ஒரு கான்ட்ராக்ட் வேலை. அதுவும் போய், இன்னொன்று கிடைத்து, அதுவும் போனது. அந்த நாட்களில்தான் ஷமீமா இத்ரீஸைக் கூட்டிக்கொண்டு வந்தாள்.

தோளில் ஐஸ் பை

ஷமீமா நியூஜெர்சியில் மாநிலப் பல்கலைக்கழகத்தில் ஃபார்மசி படித்துக்கொண்டிருந்தாள். ரமலானில் முஸ்லிம் மாணவர்கள் கூடி நோன்பு திறப்பார்கள். அங்கே ஒருவன் பிராக்டிஸ் முடிந்து நேராக, தோளில் ஐஸ் பையைக் கட்டிக்கொண்டு வருவான். நாள் முழுக்கத் தண்ணீர் குடிக்காமல் ஓடிவிட்டு, ஒரே ஒரு பேரீச்சம்பழத்தைப் பத்து நிமிஷம் மெல்லுவானாம். "அதைப் பார்த்துதான் மச்சான் எனக்கு…" என்று ஷமீமா சொல்லிவிட்டு முடிக்காமல் சிரிப்பாள்.

கறுப்பின அமெரிக்க முஸ்லிம் குடும்பம். அப்பா தபால் வண்டி ஓட்டினார், அம்மா பள்ளிக்கூட பஸ் ஓட்டினார். தொழுகை தவறாதவர்கள்.

மாமா கொதித்துப் போனார். தீனை, அதாவது மார்க்கத்தை, காரணம் காட்ட முடியாது. நிறத்தைக் காரணம் காட்ட வெட்கம். ஆக, "ஃபுட்பால் ஒரு உத்தியோகமா?" என்று ஆரம்பித்தார். என்னை விமானம் ஏற்றி வரவழைத்து, "நீங்க பேசிப் பாருங்க மாப்ளே. நீங்க சொல்றதுதான் முடிவு" என்றார். என் வாழ்க்கையில் எனக்குக் கிடைத்த பெரிய பதவி அதுதான்.

நான் பேசினேன். அவன் நல்லவனாக இருந்தான். நான் மாமாவிடம் வந்து, "வேண்டாம் மாமா, நிலையில்லாத தொழில்" என்றேன். வேலை இல்லாத நான் சொன்னேன்.

பெயர் வராத இரண்டு நாள்

இந்த ஃபுட்பாலைப் பற்றி இரண்டு வரி சொல்ல வேண்டும். ஒவ்வொரு ஏப்ரலிலும் டீம்கள் வரிசையாக, கல்லூரி முடித்த பையன்களின் பெயரைக் கூப்பிட்டு எடுத்துக்கொள்வார்கள். இரண்டு நாள் டி.வி.யில் காட்டுவார்கள். பெயர் வராதவர்கள் யாராவது கூப்பிட்டால் போகலாம். எப்போது வேண்டுமானாலும் வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். அதை 'கட்' என்பார்கள். எங்கள் தொழிலில் லே-ஆஃப் என்கிறோம்.

இத்ரீஸ் ஆடிய இடத்துக்கு சேஃப்டி என்று பெயர். தன் டீமில் எல்லோருக்கும் பின்னால் தனியாக நிற்பவன். பந்தோடு எல்லோரையும் தாண்டி வருகிறவனை அவன்தான் வீழ்த்த வேண்டும். அவனும் விட்டால் ஸ்கோர்.

அந்த ஏப்ரலில் ஷமீமா அழுது அடம்பிடித்து, இத்ரீஸையும் அவன் பெற்றோரையும் பிஸ்கட்டவே வீட்டுக்கு அழைத்திருந்தாள். எல்லோரும் டி.வி. முன்னால் உட்கார்ந்திருந்தோம். சனிக்கிழமை பெயர் வரவில்லை. ஞாயிற்றுக்கிழமையும் மாமி சமோசா பொரித்தபடியே இருந்தார். இத்ரீஸ் சோபாவின் நுனியில் உட்கார்ந்து, ஒவ்வொரு பெயருக்கும் கை தட்டினான். தெரிந்த பையன்களாம். கடைசிப் பெயர் வரை கை தட்டினான்.

எனக்கு உள்ளுக்குள் ஒரு குளுமை. பொய் சொல்லிப் பயனில்லை, அதை அப்படித்தான் சொல்ல வேண்டும்.

டி.வி.யை அணைத்தார்கள். அவன் அம்மா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அப்போது மாமா எழுந்து சமையலறைக்குப் போய், தன் கையால் டீ ஊற்றி எடுத்துவந்து இத்ரீஸிடம் நீட்டினார். "குடிங்க. ரெண்டு நாளா ஒண்ணும் சாப்பிடல நீங்க" என்றார் ஆங்கிலத்தில். மாமா யாருக்கும் டீ எடுத்துவந்து நான் பார்த்ததில்லை. என் வேலை போனபோதும் எனக்குக் கிடைத்தது போன் மட்டும்தான்.

கொஞ்ச நேரத்தில் அவனுக்கும் போன் வந்தது. நியூஜெர்சி டீம் ஒன்று பயிற்சி கேம்ப்புக்கு வரச் சொன்னது. "யெஸ் சார், யெஸ் சார்" என்றான். மாமா கதவருகே நின்று கேட்டுக்கொண்டிருந்தார்.

அந்தக் கோடையில் நிக்காஹ் நடந்தது. அடுத்த மாதமே அந்த டீம் அவனைக் கட் பண்ணியது. மாமா அதற்குள் மாறிவிட்டிருந்தார். பெரிய டி.வி. வாங்கினார். கெமிஸ்ட்ரியைத் தவிர எதையும் ஊன்றிப் படிக்காத மனிதர், நோட்டில் கட்டம் போட்டு எந்தக் கட்டத்தில் சேஃப்டி நிற்பான் என்று எனக்கே போனில் பாடம் எடுத்தார்.

இத்ரீஸ் அவரை 'வாப்பா' என்று கூப்பிட்டான். ஷமீமா கூப்பிடுவதைக் கேட்டு, அவனும் கூசாமல் கூப்பிட்டுவிட்டான். நான் அத்தனை வருஷமாக 'மாமா'தான். முறை அதுதான். ஆனாலும் போனில் அந்தக் கனத்த குரல் 'வாப்பா' என்பதைக் கேட்கும்போதெல்லாம் என் காதில் யாரோ குண்டூசியால் குத்துவது போல இருக்கும்.

எங்கள் வீட்டில் எட்டு வாரம்

அடுத்த வருஷம் எங்கள் பக்கத்து பே ஏரியா டீம் ஒன்று அவனை எடுத்தது. பிராக்டிஸில் மட்டும் ஆடுகிற ஆளாக. ஷமீமா படிப்பு முடியாமல் நியூஜெர்சியில் இருந்தாள். "நம்ம வீட்டுல இருக்கட்டும்" என்றாள் ஜெரினா. எங்கள் மகளின் அறையை அவனுக்குக் கொடுத்தோம்.

தப்பே சொல்ல முடியாத விருந்தாளி அவன். பாத்திரம் கழுவினான். மகளைத் தோளில் உட்கார வைத்துக்கொண்டு டேகேருக்கு நடந்தான். கார் கதவில் தலை இடிக்காமல் குனிவதைப் பார்த்தால் ஒட்டகம் படுப்பது போலிருக்கும். ஜெரினா அவனுக்காகத் தனியாக மாட்டுக்கறி வாங்கி, காரம் குறைத்துச் சமைத்தாள். எனக்கு அல்சர் இருந்த மூன்று வருஷத்தில் அவள் காரத்தைக் குறைத்ததில்லை.

அக்டோபரில் அந்த டீமும் அவனைக் கட் பண்ணியது. அவன் மறுநாள் காலையிலேயே மைதானத்துக்கு ஓடப் போனான். "எவனுக்காவது அடிபட்டா கூப்பிடுவாங்க. அப்ப மூச்சு வாங்கக் கூடாது" என்றான். நான் ஒரு வேலை போனால் ஒரு மாதம் தாடி வளர்ப்பவன்.

அந்த போன் வந்த நாளன்று காலையில் மாமா கூப்பிட்டிருந்தார். முந்தின நாள் எனக்கு ஒரு இன்டர்வியூ இருந்தது. அவரிடம் சொல்லியிருந்தேன்.

"மாமா, நேத்து அந்த இன்டர்வியூ…"

"இருக்கட்டும் மாப்ளே, அப்புறம் பேசலாம். இத்ரீஸ் கிட்டக் குடுங்க. நேத்து ஒழுங்கா தூங்கினானா?"

நான் போனைக் கொடுத்தேன்.

மூன்றரை மணி நேரம்

இனி சொல்ல வேண்டியதைச் சொல்லிவிடுகிறேன்.

சாப்பிட்டேன். தட்டைக் கழுவினேன். ரைஸ் குக்கரின் மூடியைக் கழற்றி, ஓரத்தில் ஒட்டியிருந்த கஞ்சியைப் பல்குச்சியால் சுரண்டினேன். ஒரு மணி ஆயிற்று. இப்போது போய்ச் சொன்னாலும் நேரம் இருக்கிறது என்று நினைத்தேன். ஒன்றே முக்காலுக்கும் அதையே நினைத்தேன்.

இரண்டரைக்கு அவன் வந்தான். வியர்வையில் சட்டை உடம்போடு ஒட்டியிருந்தது.

"யாராவது போன் பண்ணாங்களா, மச்சான்?"

"இல்லையே" என்றேன்.

சட்டைப்பையில் கவர் இருந்தது. அவன் குளித்தான். லுஹர் தொழுதான். நான் அடுத்த அறையில் நின்று, அவன் நெற்றியைத் தரையில் வைக்க சஜ்தாவுக்குப் போகும்போது தரை அதிர்வதைக் கேட்டுக்கொண்டிருந்தேன்.

நாலு மணிக்குப் பத்து நிமிஷம் இருக்கும்போது ஜெரினா மகளோடு உள்ளே வந்தாள். அப்போதுதான், ஏதோ இப்போதே ஞாபகம் வந்ததுபோல, "உனக்கு ஒரு போன் வந்துது" என்று கவரை நீட்டினேன்.

அவன் படித்தான். கடிகாரத்தைப் பார்த்தான். ஒன்றும் கேட்காமல் போய் ஏஜென்ட்டைக் கூப்பிட்டான். எங்களுக்கு முதுகு காட்டி நின்றிருந்தான். அந்தப் பக்கம் ஏஜென்ட் கத்துவது எனக்குக் கேட்டது. ஜெரினா பையை இறக்காமல் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இல்ல, அவர் மேல தப்பில்ல" என்றான் இத்ரீஸ். "அவர் தேடி வந்தாரு. நான் கிரவுண்ட்ல இல்ல. சொல்லாம வேற பக்கம் ஓடப் போயிட்டேன். என் தப்புதான்."

நான் மகளின் ஷூவைக் கழற்றக் குனிந்தேன்.

அடுத்த விமானத்தில் இடமில்லை. மறுநாள் விடிகாலை விமானம் போய்ச் சேர மதியமாகிவிடும். அதற்குள் வேறொருவன் கையெழுத்துப் போட்டுவிட்டான். அந்த ஆள் அந்த டீமில் வருஷக்கணக்கில் ஆடினான். டி.வி.யில் அவன் வந்தாலே நான் சேனலை மாற்றிவிடுவேன்.

அந்த வாரமே இத்ரீஸ் நியூஜெர்சிக்குப் போய்விட்டான். ஈஸ்ட் பிரன்ஸ்விக் பக்கம் ஒரு கிடங்கில் குளிர்காலம் முழுக்கப் பெட்டி தூக்கினான். மாமா அவனுக்குப் புது செல்போன் வாங்கிக் கொடுத்தார். "எவ்வளவு பெரிய சான்ஸ்! இப்படியா அலட்சியமா இருப்பான்?" என்று என்னிடமே குறைப்பட்டுக்கொண்டார். நான் "ஆமா மாமா" என்றேன்.

டெக்சாஸ்

பிறகு டெக்சாஸில் இன்னொரு டீம் அவனை எடுத்தது. இந்தத் தடவை நிலைத்தான். பந்தை உதைத்ததும் எதிராளியை நோக்கித் தலைதெறிக்க ஓடி மோதுகிற கூட்டத்தில் ஒருவன். டி.வி.யில் அவனைப் பார்க்க ஒரு ஆட்டத்துக்கு ஏழெட்டு விநாடிதான் கிடைக்கும். ஒரு ஞாயிற்றுக்கிழமை சேஃப்டியாகவே இறங்கி, எதிர் டீம் எறிந்த பந்தைப் பறித்துக்கொண்டு ஓடினான். மாமா போனில் அழுதார். எனக்கு அதற்கு முந்தின வாரம்தான் நிரந்தர வேலை கிடைத்திருந்தது. அதைச் சொன்னபோது "அல்ஹம்துலில்லாஹ்" என்றார். நல்ல மனசோடுதான் சொன்னார். அழவில்லை.

இரண்டு சீசன் முழுதாக ஆடினான். மூன்றாவது சீசன் தொடங்கும் முன், பிராக்டிஸில் ஒருவன் மேல் மோதி விழுந்து எழுந்தபோது இடது கை உணர்வில்லாமல் தொங்கியது. கழுத்தெலும்பில் அடி. ஆபரேஷன். டீம் அவனைக் கட் பண்ணியது. அது கடைசி.

ஷமீமா ஒருநாள் ஜெரினாவிடம் போனில் சொல்லிக்கொண்டிருந்தாள். மூன்று சீசன் கணக்கில் இருந்தால், ஆட்டத்தை விட்ட பிறகும் சில காலம் வைத்தியத்துக்கு வழி உண்டாம். "அவருக்கு ரெண்டுதான் ராத்தா. ஒண்ணே ஒண்ணு கொறையுது."

நான் பக்கத்தில் துணி மடித்துக்கொண்டிருந்தேன். அந்த அக்டோபரில் அவன் விமானம் ஏறியிருந்தால் ஒருவேளை மூன்றாகியிருக்கும். ஒருவேளை ஆகாமலும் போயிருக்கும். இந்த 'ஒருவேளை'யை வைத்துக்கொண்டு என்னால் அதற்குமேல் இருக்க முடியவில்லை.

பெருநாளைக்கு மறுநாள்

நோன்புப் பெருநாளுக்கு எல்லோரும் டெக்சாஸில் கூடினோம். மறுநாள் பிற்பகல் இத்ரீஸ் வீட்டுப் பின்புறம் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தான். கழுத்தைச் சுற்றிப் பட்டை. வெயில் தகித்தது. நான் போய் எதிரே உட்கார்ந்து, சுற்றி வளைக்காமல் சொன்னேன்.

"தெரியும், மச்சான்" என்றான்.

"எப்போலேர்ந்து?"

"அன்னிக்கே. ஏஜென்ட் போன்லயே சொல்லிட்டான், பன்னெண்டு இருபதுக்கே பேசினேன், ஒரு ஆள் எல்லாத்தையும் எழுதிக்கிட்டான்னு."

"அப்புறம் ஏன் என்னை ஒண்ணும் கேக்கல?"

"எங்க நின்னு கேக்கறது? இருந்தது உங்க வீட்டுல. சாப்பிட்டது உங்க சாப்பாடு. ஜெரினா வேற பக்கத்துல நின்னுட்டு இருந்தா."

கழுத்துப் பட்டையைச் சரிசெய்துகொண்டான். பிறகு, "ரெண்டு வருஷம் எதிர்ல எவன் ஓடி வந்தாலும் உங்க மூஞ்சிதான் தெரிஞ்சுது. அதனாலயே நல்லா ஆடினேன்" என்றான். சிரிக்கப் பார்த்து, கழுத்து வலித்து நிறுத்திக்கொண்டான்.

"என்னை மன்னிச்சிடு இத்ரீஸ்."

"இப்பவே மன்னிச்சிட்டேன்னு சொன்னா பொய்யாயிடும். நீங்க ஒண்ணு பண்ணுங்க. வாப்பா கிட்ட சொல்லுங்க. இத்தனை வருஷமா அவர் என்னை அலட்சியக்காரன்னு நெனைச்சிட்டு இருக்காரு. பெருநாளைக்குப் பெருநாள், போனைக் கையில வச்சிக்கோன்னு புத்தி சொல்றாரு. எனக்கு அதுதான் தாங்கல."

மாமா உள்ளே ஹாலில் தன் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார். பெண்கள் மூவரும் மாடியில் இருந்தார்கள். நான் நின்றபடியே சொன்னேன். அவர் துடைப்பதை நிறுத்தவில்லை. முடித்ததும் கேட்டார்:

"ஏன் மாப்ளே?"

"பொறாமை மாமா."

"பொறாமையா? அவன் மேலயா? நாடு பூரா சுத்திட்டு, நிக்க ஒரு இடமில்லாம இருந்தானே, அவன் மேலயா?"

அவர் என்னை வெகுநேரம் பார்த்தார். புரிந்துவிட்டது என்று நினைக்கிறேன். ஆனால் என் தோளைத் தொடவில்லை. கண்ணாடியை மாட்டிக்கொண்டு, செருப்பைத் தேடிப் போட்டுக்கொண்டு பின்புறம் போனார்.

கண்ணாடிக் கதவு வழியாகப் பார்த்தேன். மாமா என்ன பேசினார் என்று கேட்கவில்லை. இத்ரீஸால் கழுத்தைத் திருப்ப முடியாது. நாற்காலியோடு அவர் பக்கம் திரும்பினான். மாமா அவனுடைய உணர்வில்லாத இடது கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டு, விரல் விரலாக நீவிவிட்டார்.

எனக்கு வெட்கமாக இருந்தது. நெஞ்சு லேசாகவும் இருந்தது. ஆனால் அந்த நிமிஷத்திலும், அந்தக் கையைப் பார்த்து, எனக்குப் பொறாமையாகத்தான் இருந்தது.

"என்ன அப்படிப் பாக்கறீங்க?" ஜெரினா படியிறங்கி வந்து என் பின்னால் நின்றிருந்தாள். "வாப்பா ஏன் அழறாங்க?"

நான் திரையை இழுத்துவிட்டேன்.

"உட்காரு ஜெரினா" என்றேன்.